ஜான் கசவெட்டிஸ்: நடித்துச் சம்பாதித்து எழுதிய கலைஞரைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நண்பர்கள் சிலர் கூடி மாதம் ஒரு படம் பார்த்துவிட்டுப் பேசும் வழக்கத்தைப் பல ஆண்டுகளாக விடாமல் வைத்திருக்கிறோம். அமெரிக்க நடிகரும் எழுத்தாளரும் இயக்குநருமான ஜான் கசவெட்டிஸின் படத்தைத் திரையிடும் நாள்களில், புதிதாக வருபவர்கள் ஏறத்தாழ ஒரே சந்தேகங்களையே எழுப்புகிறார்கள். அவற்றைக் கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். ஒன்றை மட்டும் முன்பே சொல்லிவிட விரும்புகிறேன்: அவரைப் பற்றிய பேச்சில் அவருடைய எழுத்துதான் எப்போதும் விடுபட்டுப்போகிறது என்பது என் நீண்ட நாள் வருத்தம்.

கசவெட்டிஸ் யார்? நடிகரா, இயக்குநரா, எழுத்தாளரா?

மூன்றும்தான். 1929 டிசம்பர் 9 அன்று நியூயார்க்கில் கிரேக்கப் பெற்றோருக்குப் பிறந்தார். அமெரிக்க நாடகக் கலைக் கழகத்தில் நடிப்புப் பயின்றார். 1950களில் தொலைக்காட்சியில் நேரடியாக ஒளிபரப்பான நாடகங்களில் நடித்துப் பெயர் பெற்றார். நடிகை ஜீனா ரோலண்ட்ஸை 1954இல் மணந்தார். 1989 பிப்ரவரி 3 அன்று, 59 வயதில், கல்லீரல் நோயால் லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார்.

அவருடைய ஆஸ்கர் பரிந்துரைகளைப் பார்த்தாலே இந்தக் கேள்விக்கு விடை கிடைத்துவிடும். 'தி டர்ட்டி டஸன்' (1967) படத்துக்காகத் துணை நடிகர் பிரிவிலும், 'ஃபேஸஸ்' (1968) படத்துக்காகத் திரைக்கதைப் பிரிவிலும், 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்' (1974) படத்துக்காக இயக்குநர் பிரிவிலும் அவர் பரிந்துரைக்கப்பட்டார். ஒன்றிலும் விருது கிடைக்கவில்லை. ஆனால் ஒரே மனிதர் மூன்று வெவ்வேறு தொழில்களுக்காகத் தனித்தனியாகக் கவனிக்கப்பட்டது அபூர்வமானது.

'சுயாதீன சினிமா' என்கிறீர்கள். குறைந்த செலவில் எடுத்தால் போதுமா, அது சுயாதீனம் ஆகிவிடுமா?

ஆகாது. ஸ்டுடியோக்களும் குறைந்த செலவில் எத்தனையோ படங்களை எடுத்திருக்கின்றன. படத்தின் இறுதி வடிவத்தை யார் தீர்மானிக்கிறார் என்பதுதான் அளவுகோல். கசவெட்டிஸ் தம் சொந்தப் படங்களில் எழுத்து, நடிகர் தேர்வு, படத்தொகுப்பு ஆகிய மூன்றையும் தம் கையிலேயே வைத்திருக்கப் போராடினார். சில படங்களில் விநியோகத்தையும் தாமே ஏற்றார்.

முதல் படத்துக்குப் பணம் எங்கிருந்து கிடைத்தது?

1956ஆம் ஆண்டையொட்டி நியூயார்க்கில் பெர்ட் லேன் என்பவருடன் சேர்ந்து அவர் ஒரு நடிப்புப் பட்டறையை நடத்தினார். அங்கு மாணவர்கள் செய்த ஒரு பயிற்சிதான் 'ஷாடோஸ்' படத்துக்கு வித்து. கறுப்பினக் குடும்பத்தைச் சேர்ந்த மூன்று உடன்பிறப்புகளில் இருவர் வெள்ளையர் போலத் தோற்றமளிக்கிறார்கள். தங்கையை விரும்பும் வெள்ளை இளைஞன் அவளுடைய அண்ணனைப் பார்த்ததும் தடுமாறிப்போகிறான். இதை ஒரு படமாகவே எடுக்கலாம் என்று கசவெட்டிஸுக்குத் தோன்றியது.

அப்போது ஜீன் ஷெப்பர்ட் என்பவர் நடத்திய இரவு வானொலி நிகழ்ச்சியில் கலந்துகொண்ட அவர், மனிதர்களைப் பற்றிய படத்தைப் பார்க்க விரும்புகிறவர்கள் பணம் அனுப்பலாம் என்று சொல்லிவிட்டார். நேயர்கள் உண்மையாகவே அனுப்பினார்கள். வந்தது இரண்டாயிரம் டாலருக்குச் சற்று மேல். படம் முடியும்போது செலவு சுமார் 40,000 டாலரைத் தொட்டது. மீதியை நண்பர்களின் உதவியும் அவருடைய நடிப்புச் சம்பளமும் ஈடுகட்டின. 1959இல் தொடங்கிய 'ஜானி ஸ்டக்காட்டோ' என்னும் துப்பறியும் தொலைக்காட்சித் தொடரில் அவர் நாயகனாக நடித்ததற்கு இந்தக் கடனும் ஒரு காரணம்.

வசனமே எழுதாமல் நடிகர்களைப் பேசவிட்டு எடுத்தார் என்று எல்லோரும் சொல்கிறார்களே?

நான் அதிக முறை கேட்ட கேள்வி இது. அதிக முறை மறுத்ததும் இதைத்தான். 'ஷாடோஸ்' ஒன்றுக்கு மட்டுமே இந்தக் கூற்று ஓரளவு பொருந்தும். 'ஃபேஸஸ்' தொடங்கி அவர் எடுத்த சொந்தப் படங்கள் பெரும்பாலும் எழுதப்பட்ட திரைக்கதையிலிருந்து பிறந்தவை. 'ஃபேஸஸ்' படத்தின் திரைக்கதை 1970இல் நூலாகவே அச்சாகியிருக்கிறது. படமாக்குவதற்கு முன் எழுதிய வடிவத்தையும் படத்தில் இறுதியாக இடம்பெற்ற வடிவத்தையும் அதில் ஒப்பிட்டுப் பார்க்கலாம். திரைக்கதைப் பிரிவில் ஆஸ்கர் பரிந்துரை பெற்ற படத்தை 'எழுதப்படாதது' என்று சொல்வது அதை எழுதியவருக்குச் செய்யும் அநீதி.

பிறகு ஏன் அப்படித் தோன்றுகிறது? அவர் எழுதிய முறையே அதற்குக் காரணம். காட்சிகளைத் தாம் வாய்விட்டுச் சொல்ல, உதவியாளர் ஒருவர் தட்டச்சு செய்யும் முறையில்தான் அவர் பெரும்பாலும் எழுதினார். ஒவ்வொரு வசனமும் தாளுக்கு வருமுன் ஒரு நடிகரின் நாவில் ஏறி இறங்கியது. அதனால்தான் அவருடைய பாத்திரங்கள் வாக்கியத்தை முடிக்காமல் விடுகிறார்கள், சொன்னதையே திரும்பச் சொல்கிறார்கள், பதில் சொல்ல வேண்டிய இடத்தில் சிரிக்கிறார்கள், ஒருவர் பேச்சில் மற்றவர் குறுக்கிடுகிறார். பேச்சின் இந்தக் கரடுமுரடைக் காதால் கேட்டு, அப்படியே எழுத்தில் நிறுத்துவது எளிய வேலை அன்று.

அவர் நடிகர்களுக்குக் கொடுத்த சுதந்திரம் சொல்லைப் பற்றியது என்பதைவிட உணர்ச்சியைப் பற்றியது. நம் கச்சேரிகளில் பாடகர் நிரவல் பாடும்போது சாகித்திய வரி மாறுவதில்லை. அந்த வரியைப் பாடும் விதம்தான் ஒவ்வொரு சுற்றிலும் மாறுகிறது. கசவெட்டிஸ் படத்தில் நிகழும் மனோதர்மம், அதாவது அந்தக் கணத்தில் தோன்றும் கற்பனை, ஏறத்தாழ இத்தகையது. இந்த வரியைக் கோபமாகச் சொல், அழுதுகொண்டே சொல் என்று அவர் கட்டளையிடுவதில்லை. ஒத்திகையில் ஒரு வரி நடிகரின் வாயில் உட்காரவில்லை என்றால் தாளை எடுத்துத் திருத்தி எழுதுவார். 'ஹஸ்பண்ட்ஸ்' (1970) படத்துக்காகப் பென் கஸாரா, பீட்டர் ஃபாக் ஆகியோருடன் ஒத்திகையில் பேசிப் பார்த்தவற்றையெல்லாம் அவரே மீண்டும் திரைக்கதையாக எழுதினார்.

அப்படியானால் 'ஷாடோஸ்' முடிவில் வரும் வாசகம் பொய்யா?

நீங்கள் இப்போது பார்த்தது மனோதர்மத்தில் உருவான படம் என்ற பொருளில் ஒரு வாசகம் அந்தப் படத்தின் இறுதியில் வருகிறது. அது முழுப் பொய்யும் அன்று, முழு உண்மையும் அன்று. 1957இல் எடுத்து, 1958இன் இறுதியில் நியூயார்க்கில் நள்ளிரவுக் காட்சிகளாகத் திரையிட்ட முதல் வடிவம் அந்த வாசகத்துக்கு மிக நெருக்கமானது. பார்வையாளர்கள் பலர் பாதியிலேயே எழுந்து போனதைக் கண்ட கசவெட்டிஸ், 1959இல் தாம் எழுதிய காட்சிகளை நடிகர்களை வைத்துப் புதிதாகப் படமாக்கிப் படத்தை மாற்றியமைத்தார். நாம் இன்று பார்ப்பது இந்த இரண்டாவது வடிவம். வாசகம் மட்டும் அப்படியே தங்கிவிட்டது.

முதல் வடிவத்தைக் கொண்டாடிய விமர்சகரும் திரைக்கலைஞருமான ஜோனஸ் மேகஸ் இரண்டாவது வடிவத்தைக் கண்டு மனம் கசந்தார். வணிகத்துக்கு இணங்கிவிட்டதாக எழுதினார். கசவெட்டிஸோ முதல் வடிவத்தில் உத்தி தெரிந்ததே தவிர மனிதர்கள் தெரியவில்லை என்ற கருத்தில் உறுதியாக நின்றார். நான் கசவெட்டிஸின் பக்கம். ஒரு நடிகருக்குள் இருந்த எழுத்தாளர் விழித்துக்கொண்ட தருணம் அந்த மறுபடப்பிடிப்புதான் என்று கருதுகிறேன். திருத்திய வடிவம் 1960இல் வெனிஸ் திரைப்பட விழாவில் விமர்சகர் பரிசைப் பெற்றது.

ஸ்டுடியோ படங்களில் நடித்துப் பணம் வாங்கியவரைச் சுயாதீனக் கலைஞர் என்று எப்படிச் சொல்வது? இது முரண்பாடு இல்லையா?

இரண்டாவது கேள்விக்குச் சொன்ன அளவுகோலை இங்கேயும் வைத்துப் பாருங்கள். 'தி டர்ட்டி டஸன்', 'ரோஸ்மேரிஸ் பேபி' (1968) போன்ற படங்களில் அவர் கூலிக்கு நடித்தார். அவற்றை ஆளும் உரிமையைக் கேட்கவில்லை. அங்கு ஈட்டியதைத் தாம் ஆளும் படங்களில் போட்டார். 'ஃபேஸஸ்' 1965இல் ஆறு மாதம் அவருடைய வீட்டிலும் மாமியார் வீட்டிலும் படமாக்கப்பட்டு, கேரேஜில் ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் தொகுக்கப்பட்டது. அந்த ஆண்டுகள் முழுவதும் படத்தொகுப்பு மேசைக்குப் படியளந்தது வெளியார் படங்களில் அவர் நடித்து வாங்கிய சம்பளமே.

பகலில் ஏதோ ஓர் அலுவலகத்தில் வேலை பார்த்துவிட்டு இரவில் நாவல் எழுதுகிறவரை நாம் முரண்பாடானவர் என்று சொல்வதில்லை. கசவெட்டிஸின் அலுவலகம் ஹாலிவுட். வேறுபாடு ஒன்று உண்டு: அந்த அலுவலகத்தில் அவர் செய்த வேலையே அவருடைய எழுத்துக்குப் பயிற்சியாகவும் அமைந்தது. பிறர் எழுதிய வசனம் வாயில் வராமல் திணறிய நடிகருக்கு, எழுத உட்காரும்போது எது வேண்டாம் என்பதாவது நிச்சயமாகத் தெரியும்.

ஸ்டுடியோவிலேயே இயக்குநராக இருந்து பார்த்தாரா?

பார்த்தார்; நிலைக்கவில்லை. 'டூ லேட் ப்ளூஸ்' (1961), 'எ சைல்ட் இஸ் வெயிட்டிங்' (1963) என்னும் இரு படங்களை இயக்கினார். இரண்டாவது படத்தைத் தயாரிப்பாளர் ஸ்டான்லி கிரேமர் தம் விருப்பப்படி தொகுத்ததால் இருவருக்கும் கடும் மோதல் உண்டானது. அதன் பிறகு அவருக்குச் சில காலம் வேலை கிடைப்பதே அரிதாயிற்று. 'ஃபேஸஸ்' எழுதப்பட்டது அந்த வேலையற்ற நாள்களில்தான்.

'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்' மனைவிக்காக எழுதியது என்பது உண்மையா?

உண்மை. முதலில் அது ஜீனா ரோலண்ட்ஸ் மேடையில் நடிப்பதற்கான நாடகமாகவே எழுதப்பட்டது. படித்துப் பார்த்த ரோலண்ட்ஸ், இத்தனை உக்கிரமான பாத்திரத்தை இரவுதோறும் மேடையில் ஏற்றால் தம் உடலும் மனமும் தாங்காது என்று சொல்லிவிட்டார். அதனால் கசவெட்டிஸ் அதைத் திரைக்கதையாக மாற்றினார். கட்டுமானத் தொழிலாளி நிக், அவனுடைய மனைவி மேபல், மூன்று குழந்தைகள், ஒரு வீடு. கதைக்களம் பெரும்பாலும் இவ்வளவுதான். மேபல் பைத்தியமா அல்லது அவளைச் சுற்றியிருப்பவர்களின் அன்புதான் அவளை நெருக்குகிறதா என்ற கேள்விக்குப் படம் எளிதில் பிடிகொடுப்பதில்லை.

கசவெட்டிஸ் இதில் நடிக்கவில்லை. நிக்காக நடித்தவர் பீட்டர் ஃபாக். மாமியாராகக் கசவெட்டிஸின் தாயாரும், மேபலின் தாயாக ரோலண்ட்ஸின் தாயாரும் நடித்தார்கள். இரவு வேலை முடிந்து விடிகாலையில் வந்த தொழிலாளர்களுக்கு மேபல் ஸ்பகெட்டி பரிமாறும் காட்சியைப் பாருங்கள். ஒவ்வொருவரிடமும் பெயர் கேட்கிறாள், ஒருவரைப் பாடச் சொல்கிறாள், ஒருவரைக் கொஞ்சம் அதிகமாகவே நெருங்குகிறாள். கணவனின் ஒரு சத்தத்தில் மேசையே உறைந்துவிடுகிறது. விருந்தோம்பலுக்கும் அத்துமீறலுக்கும் இடையில் உள்ள கோடு எங்கே என்று நம் வீட்டுப் பெண்களை எத்தனை முறை கண்ணாலேயே எச்சரித்திருக்கிறோம் என்பதை எண்ணிப் பார்த்தால், இது தொலைதூரத்துக் கதையாகத் தோன்றாது.

அந்தப் படத்தை யாருமே வாங்கவில்லையாமே? பிறகு எப்படி வெளியானது?

தயாரிப்புக்கே ஸ்டுடியோ முன்வரவில்லை. கசவெட்டிஸ் வீட்டை அடமானம் வைத்தார். 'கொலம்போ' தொலைக்காட்சித் தொடரால் பெரும் புகழ் பெற்றிருந்த பீட்டர் ஃபாக் 5,00,000 டாலர் போட்டார். அமெரிக்கத் திரைப்படக் கழகத்தில் அப்போது கசவெட்டிஸ் வருகைதரு கலைஞராக இருந்ததால், அங்கு பயின்ற மாணவர்கள் பலர் படக்குழுவில் சேர்ந்தார்கள். படம் முடிந்தபோது விநியோகஸ்தர்கள் கைவிரித்தார்கள். எனவே கசவெட்டிஸும் நண்பர்களும் திரையரங்கு உரிமையாளர்களைத் தாங்களே தொலைபேசியில் அழைத்துப் பேசி, ஊர் ஊராகப் படத்தைத் திரையிட்டார்கள். நடிகர்கள் கல்லூரிகளுக்கு நேரில் சென்று பேசினார்கள். ரோலண்ட்ஸுக்குச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது. 1990இல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேடு இதைப் பாதுகாக்க வேண்டிய படமாகத் தேர்ந்தெடுத்தது.

தான் எழுதிய எல்லாப் படங்களிலும் தானே நடித்தாரா?

இல்லை. 'ஹஸ்பண்ட்ஸ்', 'ஓபனிங் நைட்' (1977), 'லவ் ஸ்ட்ரீம்ஸ்' (1984) ஆகியவற்றில்தான் முக்கியப் பாத்திரங்களை ஏற்றார். தாம் எழுதிய நல்ல பாத்திரங்களை நண்பர்களுக்குக் கொடுத்துவிட்டு ஒதுங்கி நிற்பதில் அவருக்குத் தயக்கம் இருக்கவில்லை. 'ஃபேஸஸ்' படத்தில் மனைவியாக நடித்த லின் கார்லின், அதற்கு முன் ஸ்டுடியோ ஒன்றில் செயலாளராக வேலை பார்த்தவர். அவருக்கும் சீமோர் கசெலுக்கும் அந்தப் படம் துணை நடிப்புக்கான ஆஸ்கர் பரிந்துரையைப் பெற்றுத் தந்தது.

'குளோரியா' மட்டும் மற்றவற்றைப் போல இல்லையே? காசுக்காக எழுதினாரா?

ஆம், விற்பதற்காகவே எழுதிய திரைக்கதை அது. இயக்கும் எண்ணமும் முதலில் இல்லை. கொலம்பியா நிறுவனம் ரோலண்ட்ஸை நாயகியாகக் கேட்க, ரோலண்ட்ஸ் கணவரையே இயக்கச் சொன்னார். குற்றக் கும்பலிடமிருந்து ஒரு சிறுவனைக் காப்பாற்றும் நடுத்தர வயதுப் பெண்ணின் கதை. 1980இல் வெனிஸ் விழாவின் தங்கச் சிங்கம் விருதை லூயி மாலின் 'அட்லாண்டிக் சிட்டி' படத்துடன் பகிர்ந்துகொண்டது. கூலிக்கு எழுதியதிலும் பெண்ணின் முகத்தை இவ்வளவு நேரம் உற்றுப் பார்க்க முடிந்ததே என்பதுதான் எனக்கு வியப்பு.

ஒரே ஆள் நடிகராகவும் எழுத்தாளராகவும் இருந்தால் உள்ளுக்குள் சண்டை வராதா?

வரும். அந்தச் சண்டையையே அவர் ஒரு படமாக எழுதினார். 'ஓபனிங் நைட்' படத்தில் ரோலண்ட்ஸ் மேடை நடிகை மிர்ட்டில் கார்டனாக நடிக்கிறார். வயதாகிவிட்ட பெண்ணின் பாத்திரத்தை ஏற்கும் அவள், நாடகாசிரியை எழுதிய வரிகளை எழுதியபடி பேச மறுக்கிறாள். வயதான பெண்ணுக்கு இனி எதுவும் இல்லை என்ற முடிவை நாடகாசிரியை எழுதி வைத்திருக்கிறாள்; நடிகையின் உடல் அதை ஒப்புக்கொள்ள மறுக்கிறது. நாடகாசிரியையாக நடித்தவர் மூத்த நடிகை ஜோன் பிளாண்டல். அவரை வில்லியாக்காமல், அவருடைய பக்கத்திலும் நியாயம் இருக்கும்படி எழுதியது எழுத்தாளராகிய கசவெட்டிஸின் நேர்மை.

இறுதியில் மேடையில் ரோலண்ட்ஸும் சக நடிகராக வரும் கசவெட்டிஸும் எழுதப்பட்ட நாடகத்தைக் கைவிட்டு, பார்வையாளர்கள் முன்னிலையில் வேறொன்றை உருவாக்கிக்கொண்டே போகிறார்கள். நான்காவது கேள்விக்குச் சொன்ன பதிலை இந்தக் காட்சியோடு சேர்த்துப் பார்க்க வேண்டும்: அவர் உண்மையான மனோதர்மத்தைத் திரையில் காட்டியபோது, அதைக் கதையின் தேவையாக எழுதிவிட்டே காட்டினார். ரோலண்ட்ஸுக்கு 1978இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. சொந்தப் பணத்தில் எடுத்த அந்தப் படமோ அமெரிக்காவில் முறையான வெளியீட்டைக் கண்டது 1991இல்தான். அப்போது கசவெட்டிஸ் உயிரோடு இல்லை.

வீட்டை அடகு வைத்துப் படம் எடுக்கலாமா? அவர் செய்தாரே?

நடிப்பையும் எழுத்தையும் தொழிலாகக் கொள்ள விரும்பும் இளைஞர்கள் இதைக் கேட்கும்போது எனக்குப் பதற்றமாக இருக்கிறது. வீட்டை அடகு வைத்த கதை திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது. அந்த வீட்டில் சம்பாதிக்கும் நடிகர்கள் இருவர் இருந்தார்கள் என்பதும், அடகு வைக்கும்போது திரைக்கதை கையில் முழுமையாக இருந்தது என்பதும், நண்பர் ஒருவர் பெரும் பங்கை ஏற்றார் என்பதும் சொல்லப்படுவதில்லை. 'தி கில்லிங் ஆஃப் எ சைனீஸ் புக்கி' (1976) தோற்றுத் திரையரங்குகளிலிருந்து திரும்பப் பெறப்பட்டதும், 135 நிமிடப் படத்தை 108 நிமிடமாகச் சுருக்கி 1978இல் மீண்டும் கொண்டுவந்ததும், 'ஓபனிங் நைட்' பணத்தை விழுங்கியதும் அதே துணிவின் விளைவுகளே.

அவரிடமிருந்து எடுத்துக்கொள்ளத் தக்கது வேறு ஒன்று என்று நினைக்கிறேன். வேலை இல்லாத காலத்தில் எழுதினார்; வேலை வந்தபோது அந்த எழுத்துக்காகச் சம்பாதித்தார். எழுதி முடிக்காத கதைக்காக யாரும் எதையும் அடகு வைக்க வேண்டாம்.

கடைசிக் காலத்தில் எழுத்தை விட்டுவிட்டாரா? அவர் எழுதி வைத்தவை என்ன ஆயின?

விடவில்லை. 1981இல் லாஸ் ஏஞ்சலிஸில் மூன்று நாடகங்களை மேடையேற்றினார். அவற்றுள் ஒன்று டெட் ஆலன் எழுதிய 'லவ் ஸ்ட்ரீம்ஸ்'. இருவருமாக அதைத் திரைக்கதையாக்கினார்கள். மேடையில் நடித்த ஜான் வாய்ட் படத்திலிருந்து விலகவே, கசவெட்டிஸே அந்தப் பாத்திரத்தை ஏற்றார். பாத்திரம், ஓர் எழுத்தாளர்: பெண்களைப் பற்றி எழுதிப் புகழும் பணமும் பெற்றும், பெற்ற மகனோடு ஒரு நாளைக்கூட ஒழுங்காகக் கழிக்கத் தெரியாதவர். படத்தின் பெரும்பகுதி கசவெட்டிஸின் சொந்த வீட்டில் எடுக்கப்பட்டது. நோய் முற்றியிருந்த உடலோடு அவர் நடித்த அந்தப் படம் 1984இல் பெர்லின் விழாவின் தங்கக் கரடி விருதைப் பெற்றது.

1987இல்கூட ரோலண்ட்ஸுக்காக ஒரு நாடகம் எழுதி மேடையேற்றினார். படமாக்கப்படாமல் விட்டுச்சென்ற திரைக்கதை ஒன்றை அவருடைய மகன் நிக் கசவெட்டிஸ் 1997இல் 'ஷீஸ் ஸோ லவ்லி' என்ற பெயரில் இயக்கினார். அதில் நடித்த ஷான் பென் அவ்வாண்டு கான் விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றார். கசவெட்டிஸ் இறந்து எட்டு ஆண்டுகள் கழிந்திருந்தன.